சும்மா நிற்பதற்கு உடம்பு செய்யும் வேலை

வெறுங்காலோடு நிமிர்ந்து நில்லுங்கள். பக்கத்தில் இருப்பவரிடம் சொல்லி, உங்கள் முழங்கால் சில்லை இரண்டு விரலால் பிடித்து இடமும் வலமுமாக நகர்த்திப் பார்க்கச் சொல்லுங்கள். தாராளமாக நகரும். உடம்பின் மிகப் பெரிய தசைகளில் ஒன்றான முன்தொடைத் தசை அந்த நேரத்தில் ஏறக்குறைய ஓய்வில் இருக்கிறது என்று அர்த்தம். இப்போது கெண்டைக்காலைத் தொடச் சொல்லுங்கள். அது விறைப்பாக இருக்கும். முன்னால் கொஞ்சம் சாய்ந்தால் இன்னும் கெட்டியாகும். பின்னால் சாய்ந்தால் அது தளர்ந்து, கணுக்காலின் முன்பக்கம் ஒரு நாண் புடைத்துக்கொண்டு எழும்பும்.

கொத்தனாரின் தூக்குக்குண்டை உடம்புக்குப் பக்கவாட்டில் தொங்கவிட்டுப் பார்த்தால் இதற்குக் காரணம் புரியும். 160 செ.மீ. உயரமுள்ளவரின் ஈர்ப்பு மையம் தரையிலிருந்து சுமார் 88 செ.மீ. மேலே, தொப்புளுக்குச் சற்றுக் கீழே, முதுகெலும்பின் அடிப்பகுதிக்கு முன்னால் இருக்கிறது. அங்கிருந்து நேர்கீழாக இறங்கும் கோடு இடுப்பு மூட்டுக்குக் கொஞ்சம் பின்னாலும், முழங்கால் மூட்டுக்குக் கொஞ்சம் முன்னாலும் போகும். இதனால் இடுப்பு பின்பக்கமாக மடியப் பார்க்கிறது. அதன் முன்புறம் இருக்கும் இணைநார், மனித உடம்பிலேயே வலுவானது, அதைத் தடுத்துப் பிடிக்கிறது. முழங்காலும் பின்பக்கமாகத்தான் வளையப் பார்க்கிறது. அந்த மூட்டின் பின்புற நார்கள் விடுவதில்லை. இரண்டு மூட்டும் தாழ்ப்பாள் போட்ட மாதிரி நிற்கின்றன. தசைக்குச் செலவு மிகக் குறைவு.

கணுக்காலுக்கு இந்தத் தாழ்ப்பாள் கிடையாது. எடைக்கோடு அதற்கு 4 அல்லது 5 செ.மீ. முன்னால் விழுகிறது. விட்டால் உடம்பு மொத்தமும் முன்னால் கவிழும். அதைப் பின்னால் இழுத்துப் பிடித்துக்கொண்டே இருப்பது கெண்டைக்காலின் ஆழத்தில் இருக்கும் தட்டையான தசை. இதன் இழைகளில் பெரும்பகுதி மெதுவாகச் சுருங்கி, எளிதில் களைக்காத வகை. மணிக்கணக்கில் கியூவில் நிற்க முடிவது அதன் தயவால்தான்.

ஏன் எடையைக் கணுக்காலுக்கு நேர்மேலே வைத்து, இந்த வேலையையும் மிச்சப்படுத்தியிருக்கக் கூடாது? பாதத்தைப் பாருங்கள். கணுக்கால் பாதத்தின் நடுவில் இல்லை. அதன் பின்னால் குதிகால் 5 செ.மீ. போல நீள்கிறது. முன்னால் விரல்நுனிவரை அதைப்போல மூன்று மடங்குக்கு மேல் இடம் இருக்கிறது. எடைக்கோடு பாதத்தின் எல்லைக்குள் இருக்கும்வரைதான் காலை எடுத்து வைக்காமல் நிற்க முடியும். கணுக்காலுக்கு நேர்மேலே நின்றால் பின்னால் விழ 5 செ.மீ. தான் பாக்கி. கொஞ்சம் முன்னால் சாய்ந்து நின்றால் இரண்டு பக்கமும் இடம் இருக்கும், அதோடு திருத்தும் பொறுப்பு கெண்டைத்தசை ஒன்றுக்கே போகும். இறுக்கினால் பின்னால் வரலாம், தளர்த்தினால் முன்னால் போகலாம். மாட்டை ஒரே கயிற்றால் பிடித்திருப்பது போல.

தலையும் இதே கணக்குதான். நான்கரை ஐந்து கிலோ எடையுள்ள தலையின் ஈர்ப்பு மையம், அது கழுத்தெலும்பின் மேல் உட்காரும் இடத்துக்கு முன்னால் இருக்கிறது. பிடரித் தசைகள் பிடித்துக்கொண்டே இருக்கின்றன. பஸ்ஸில் உட்கார்ந்தபடி கண் அசந்தால் தலை பெரும்பாலும் முன்னால் விழுவது இதனால்தான்.

கெண்டைத்தசை எப்படித் திருத்துகிறது என்பதில் நெடுங்காலம் ஒரு எளிய விளக்கம் சொல்லப்பட்டு வந்தது. உடம்பு முன்னால் சாய்ந்தால் தசை நீளும். தசைக்குள் நீளத்தை அளக்கும் உணர்விகள் அதைத் தண்டுவடத்துக்குச் சொல்லும். தண்டுவடம் உடனே தசையைச் சுருக்கும். முழங்காலுக்குக் கீழே சுத்தியலால் தட்டினால் கால் உதைக்கிறதே, அதே அனிச்சைச் செயல். கேட்க நியாயமாக இருக்கிறது. ஆனால் இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில் நிற்பவர்களின் கெண்டைத்தசையை அல்ட்ராசவுண்டில் படம் பிடித்துப் பார்த்த பிரிட்டிஷ் ஆய்வாளர்கள் கண்டது நேர்மாறானது. உடம்பு முன்னால் சாயும்போது தசை சுருங்கியது, பின்னால் போகும்போது நீண்டது.

தசைக்கும் குதிகாலுக்கும் நடுவே இருக்கும் நாண்தான் காரணம். அது சுருள்வில் போல நீளக்கூடியது. உடம்பின் எடையைத் தனியாகத் தாங்கும் அளவுக்கு விறைப்பு அதற்கு இல்லை. உடம்பு ஒரு மில்லிமீட்டர் சாய்ந்தால் நாண் தரும் இழுவிசை, சாய்வு கேட்கும் விசையைவிடக் குறைவாகவே கூடும். ஆகவே தசை மறுமுனையிலிருந்து நாணை இழுத்து நீட்டியாக வேண்டும். அதுவும் தொடர்ந்து ஒரே சீராக இல்லை. நொடிக்கு இரண்டு மூன்று முறை சின்னச் சின்னதாய் எறிந்து பிடிக்கிறது. துடைப்பக் குச்சியை உள்ளங்கையில் நிறுத்தி விளையாடும் பிள்ளையின் கை இப்படித்தான் ஓயாமல் நகர்ந்துகொண்டிருக்கும். தசை நீளுமுன்பே இழுக்கிறது என்றால், சாய்வு நடந்தபிறகு எதிர்வினை செய்கிற அனிச்சைச் செயல் மட்டும் இங்கே வேலை செய்யவில்லை. சாயப்போவதை எதிர்பார்த்துத்தான் இழுக்கிறது. நிற்பதைப் பற்றி ஒரே ஒரு விஷயத்தை நினைவில் வைத்துக்கொள்வதென்றால் இதையே வைத்துக்கொள்ளலாம். சமநிலையில் பெரும்பங்கு முன்கணிப்பு.

இதற்கு இன்னும் தெளிவான சாட்சி 1967-ல் சோவியத் ஆய்வாளர்களிடமிருந்து வந்தது. நிற்பவரிடம் கையை முன்னால் வேகமாகத் தூக்கச் சொல்லி, தசைகளின் மின்னோட்டத்தைப் பதிவு செய்தார்கள். தோள் தசை இயங்குவதற்கு முன்பே தொடையின் பின்பக்கத் தசை இயங்கியிருந்தது. கை முன்னால் போனால் உடம்பு எந்தப் பக்கம் தள்ளப்படும் என்பதை மூளை கணித்து, முதலில் காலைத் தயார் செய்துவிட்டுப் பிறகுதான் கைக்கு உத்தரவு தருகிறது. இறுகிய கதவை இழுக்கும்போது முதலில் இறுகுவது கையல்ல, கெண்டைக்கால். நின்றுபோன எஸ்கலேட்டரில் கால் வைக்கும்போது ஒரு தடுமாற்றம் வருகிறதே, அது இந்தக் கணிப்பு தவறும் இடம். ஓடவில்லை என்பது கண்ணுக்குத் தெரியும், அறிவுக்கும் தெரியும். ஆனாலும் உடம்பு ஓடும் படிக்கட்டுக்கான சாய்வைப் பழக்கத்தில் போட்டுவிடுகிறது.

எதிர்பாராமல் தள்ளினால் கதை வேறு. டவுன் பஸ் திடீரென்று பிரேக் போடுகிறது. தண்டுவட அனிச்சைச் செயல் 40, 50 மில்லிநொடியில் வந்துவிடும், ஆனால் அதன் பலம் போதாது. உடம்பைக் காப்பாற்றும் ஒருங்கிணைந்த தசை இயக்கம் சுமார் 100 மில்லிநொடியில் மூளைத்தண்டு வழியாக வருகிறது. நாமே யோசித்து அசைக்க வேண்டுமென்றால் குறைந்தது 200 ஆகும். அதற்குள் விழுந்துவிடலாம். தள்ளு சிறிதாக இருந்தால் கணுக்காலை மட்டும் அச்சாக வைத்து உடம்பு ஒரே கம்பு போலத் திரும்பும். தள்ளு பெரிதானாலோ, நிற்கும் இடம் பாதத்தைவிடக் குறுகலானாலோ இடுப்பை மடக்கும். அதுவும் போதாவிட்டால் காலை எடுத்து வைக்கும். வயதானவர்கள் இந்த மூன்றாவது வழிக்கு விரைவில் போய்விடுகிறார்கள், அதுவும் ஒரே எட்டில் முடியாமல் இரண்டு மூன்று எட்டாக.

பஸ்ஸில் நிற்பவருக்கு இதிலிருந்து ஒரு உபயோகம் உண்டு. பிரேக்கும் வேகமும் பஸ்ஸின் நீளவாக்கில் தள்ளுகின்றன. டிரைவரைப் பார்த்தபடி கால்களைச் சேர்த்து நின்றால் அந்தத் திசையில் உங்களுக்கு இருப்பது ஒரு பாதத்தின் நீளம், சுமார் 25 செ.மீ. ஜன்னலைப் பார்த்துத் திரும்பி, காலை அகட்டி நின்றால் அதே திசையில் 50 செ.மீ. கிடைக்கும். முழங்காலைச் சற்று மடக்கினால், மேலே சொன்ன தாழ்ப்பாள் திறந்து முன்தொடையும் உதவிக்கு வரும். அனுபவமுள்ள கண்டக்டர்கள் நிற்கும் விதத்தைக் கவனித்தால் தெரியும்.

கயிற்றில் நடக்கும் கழைக்கூத்தாடிக்குப் பக்கவாட்டில் பாதமே கிடையாது என்று சொல்லலாம். கணுக்கால் எவ்வளவு முறுக்கினாலும் கயிறு எதிர்த்துத் தள்ளாது. அவர் கையில் இருக்கும் நீண்ட கழி இரண்டு காரியம் செய்கிறது. எடை இரண்டு ஓரங்களிலும் தள்ளி இருப்பதால் அது சுழலச் சோம்பும், விழுவதே மெதுவாகிவிடும். இடப்பக்கம் சாயும்போது கழியின் இடமுனையைக் கீழே தாழ்த்தினால், அதன் எதிர்விசை உடம்பை வலப்பக்கம் நிமிர்த்தும். பார்ப்பவருக்குச் சாய்கிற பக்கமே கழியையும் சாய்ப்பது விபரீதமாகத் தோன்றும்.

இனி, சாய்கிறோம் என்பது மூளைக்கு எப்படித் தெரிகிறது? மூன்று சாட்சிகள். பாதத்தோலும் தசைகளும் தரும் தகவல், கண், உள்காது. கெட்டியான தரையில், வெளிச்சத்தில் நிற்கும் ஆரோக்கியமான ஒருவரின் மூளை ஏறத்தாழ 70 விழுக்காடு கால்களையும், 20 விழுக்காடு உள்காதையும், 10 விழுக்காடு மட்டுமே கண்ணையும் நம்புகிறது என்று ஒரு கணக்கு உண்டு. மெத்தையின் மேல் ஏறி நின்றால் கணக்கு மாறி உள்காதின் மதிப்பு ஏறும். சாட்சி தடுமாறினால் மூளை அவர் சொல்வதைக் குறைத்து எடுத்துக்கொள்ளும். அப்படி மாற்றிக்கொள்ளும் திறமைதான் நல்ல சமநிலை.

முதல் சாட்சியை ஏமாற்றுவது சுலபம். கண்ணை மூடி நிற்பவரின் குதிகால் நாணில் நொடிக்கு 80 முறை அதிரும் கருவியை வைத்தால், அங்குள்ள உணர்விகள் தசை நீண்டுவிட்டதாகச் சொல்லும். தசை நீண்டால் உடம்பு முன்னால் சாய்ந்திருக்கிறது என்று பொருள். மூளை அதை நம்பி உடம்பைப் பின்னால் இழுக்கும். நேராக நின்றவர் பின்னால் சாய்ந்துவிடுவார். இந்தச் சாட்சியை முற்றிலும் இழந்தால் என்ன ஆகும் என்பதும் தெரியும். 1971-ல் 19 வயது பிரிட்டிஷ் இளைஞர் ஒருவருக்குக் காய்ச்சலுக்குப் பிறகு கழுத்துக்குக் கீழே தொடுவுணர்வும், கைகால் எங்கே இருக்கிறது என்ற உணர்வும் போய்விட்டன. தசைகளுக்கு எந்தக் குறையும் இல்லை. ஆனாலும் நிற்கக்கூட முடியவில்லை. ஒவ்வொரு உறுப்பையும் கண்ணால் பார்த்தே இயக்க அவர் மறுபடி கற்றுக்கொண்டார். விளக்கு அணைந்தால் விழுந்துவிடுவார்.

இதே குறை சிறிய அளவில் நம்மிடையே ஏராளம். நீண்டகால நீரிழிவு பாதத்தின் நரம்புகளை அரிக்கிறது. பி12 விட்டமின் குறைந்தால் தண்டுவடத்தின் பின்பகுதியில் இதே தகவல் போகும் பாதை கெடும். அவர்கள் பகலில் நன்றாக நடப்பார்கள். முகத்துக்குச் சோப்புப் போட்டுக் கண்ணை மூடும் கணத்தில் தள்ளாடுவார்கள். 19-ஆம் நூற்றாண்டில் ஜெர்மானிய மருத்துவர் ரோம்பெர்க் விவரித்த சோதனை இதுதான்: பாதங்களைச் சேர்த்து வைத்து, கைகளைத் தொங்கவிட்டு, முதலில் கண் திறந்து, பிறகு மூடி 30 நொடி நிற்க வேண்டும். கண் திறந்தபோது நிலையாக நின்றவர் மூடியதும் விழப் பார்த்தால் கோளாறு பெரும்பாலும் கால் உணர்வில் அல்லது உள்காதில். கண் திறந்திருக்கும்போதே நிற்க முடியாவிட்டால் சிறுமூளையைச் சந்தேகிக்க வேண்டும். வீட்டில் செய்து பார்ப்பவர்கள் சுவர் மூலையில், முன்னால் ஒரு நாற்காலியைப் போட்டுக்கொண்டு, பக்கத்தில் ஆளை வைத்துக்கொண்டு செய்யவும்.

உள்காது கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டிய சமாச்சாரம். ஒவ்வொரு பக்கமும் மூன்று அரைவட்டக் குழாய்கள், ஒரு அறையின் மூலையில் இரண்டு சுவரும் தரையும் சேர்வது போல ஒன்றுக்கொன்று ஏறக்குறைய செங்குத்தாக. உள்ளே திரவம். தலை திரும்பும்போது குழாய் திரும்பிவிடும், திரவம் பின்தங்கும். நடுவில் இருக்கும் ஜெல்லி போன்ற தடுப்பு வளையும், அதிலுள்ள நுண்மயிர்கள் செய்தி அனுப்பும். இவை சுழற்சியை மட்டுமே அளப்பவை. பக்கத்தில் இருக்கும் இரண்டு பைகளில், ஜெல்லிப் படலத்தின் மேல் கால்சியம் கார்பனேட் துகள்கள் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. தலை சாய்ந்தால் துகள்களின் எடை படலத்தை இழுக்கும். வண்டி வேகமெடுத்தாலும் இதே இழுப்புதான் நடக்கும். சாய்வையும் வேகமாற்றத்தையும் அந்தப் பையால் தனியாகப் பிரித்தறிய முடியாது. மேகத்துக்குள் பறக்கும் விமானியைத் தன் உள்ளுணர்வை நம்பாமல் கருவியை நம்பச் சொல்வது இதனால்.

கண்ணை நிலைநிறுத்துவதும் உள்காதின் வேலை. கையில் இருக்கும் போனை நொடிக்கு இரண்டு முறை வேகத்தில் இடவலமாக ஆட்டிக்கொண்டே படியுங்கள், எழுத்து கலங்கும். இப்போது போனை அசைக்காமல் தலையை அதே வேகத்தில் ஆட்டுங்கள். படிக்க முடியும். தலை திரும்பிய நூறில் ஒரு நொடிக்குள் உள்காது கண்ணை எதிர்த்திசையில் திருப்பிவிடுகிறது. ஜென்டாமைசின் போன்ற நுண்ணுயிர்க்கொல்லி மருந்து சிலருக்கு இரண்டு பக்க உள்காதையும் பாதிக்கும். அவர்கள் நடந்தால் தெருப்பலகைகள் குதிக்கும்.

குடித்தவர் படுத்ததும் அறை சுற்றுவதற்கும் இங்கேதான் விளக்கம். சாராயம் இரத்தத்திலிருந்து முதலில் அந்த ஜெல்லித் தடுப்புக்குள் ஊறும். சாராயம் இலேசானது, அதனால் தடுப்பு சுற்றியிருக்கும் திரவத்தைவிட இலேசாகி மிதக்கும். தலை அசையாமலே சுழல்வதாகச் செய்தி போகும். சில மணி நேரத்தில் திரவத்திலும் சாராயம் கலந்து இரண்டும் சமமானால் சுற்றல் நிற்கும். தெளியும்போது தடுப்பிலிருந்து முதலில் வெளியேறும், இப்போது தடுப்பு கனமாகும், மறுபடி சுற்றும். விடியற்காலையில் இன்னொரு பெக் போட்டால் சரியாகிறது என்பவர்கள் சொல்வதில் இந்த அளவுக்கு உண்மை உண்டு. வைத்தியமாக யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம்.

மருத்துவரிடம் வரும் தலைச்சுற்றல்களில் மிகப் பரவலான ஒன்று, மேற்சொன்ன பையிலிருந்து துகள்கள் உதிர்ந்து அரைவட்டக் குழாய்க்குள் விழுவது. படுக்கையில் புரளும்போது, அண்ணாந்து பரணைப் பார்க்கும்போது உலகமே சுற்றும். ஒரு நிமிடத்துக்குள் நின்றுவிடும். காது கேட்பதில் குறை இருக்காது. இதற்கு மாத்திரையைவிட 1992-ல் அமெரிக்க மருத்துவர் எப்லி வெளியிட்ட முறையே சிறந்தது. வலக்காது என்றால், கட்டிலில் கால் நீட்டி உட்கார்ந்து தலையை வலப்பக்கம் 45 டிகிரி திருப்ப வேண்டும். அப்படியே மல்லாந்து படுத்து, தலை கட்டில் ஓரத்துக்கு வெளியே 20, 30 டிகிரி தாழும்படி வைக்க வேண்டும். சுற்றல் அடங்கும்வரை, குறைந்தது 30 நொடி. பிறகு தலையை இடப்பக்கம் 90 டிகிரி திருப்பி அதே நேரம். பிறகு உடம்பும் இடப்பக்கம் ஒருக்களிக்க, முகம் தரையை நோக்கும்படி இன்னும் 90 டிகிரி, அதே நேரம். கடைசியில் மோவாயைத் தாழ்த்தி மெதுவாக எழுந்து உட்கார வேண்டும். துகள்கள் குழாயின் வளைவைச் சுற்றிப் பைக்கே திரும்பிவிடும். முதல் முறை மருத்துவர் எந்தக் காது, எந்தக் குழாய் என்று பார்த்துச் செய்வது நல்லது. தவறான பக்கம் செய்தால் பயனில்லை. கழுத்தெலும்புத் தொல்லை உள்ளவர்கள் தாமாகச் செய்யக் கூடாது. சுற்றலோடு பேச்சுக் குழறுவது, இரட்டைப் பார்வை, ஒரு பக்கம் மரத்துப்போவது, நிற்கவே முடியாமை ஆகியவற்றில் ஒன்று சேர்ந்தாலும் அது மூளைப் பக்கவாதமாக இருக்கலாம். உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

தலைச்சுற்றலை அடக்கும் மாத்திரைகளை மாதக்கணக்கில் விழுங்குவது பரவலான தவறு. ஒரு பக்க உள்காது பழுதானால் மூளை மற்ற சாட்சிகளை வைத்துச் சில வாரங்களில் ஈடு செய்துகொள்ளும். அதற்கு அசைவும், கொஞ்சம் தள்ளாட்டமும் வேண்டும். அடக்கும் மாத்திரை அந்தப் பாடத்தையே நிறுத்திவிடும். முதல் சில நாட்களுக்கு மேல் அவற்றுக்கு வேலை இல்லை.

எல்லாத் தள்ளாட்டமும் காதிலிருந்து வருவதில்லை. எழுந்து நின்றதும் அரை லிட்டருக்கு மேல் இரத்தம் கால்களுக்கும் வயிற்றுக்கும் இறங்குகிறது. இரத்தக் குழாய்கள் சுருங்கி ஈடு கொடுக்கத் தவறினால் கண் இருண்டு வரும். நின்ற மூன்று நிமிடத்துக்குள் மேல் அழுத்தம் 20 அல்லது கீழ் அழுத்தம் 10 குறைந்தால் அது கவனிக்க வேண்டியது. பிரஷர் மாத்திரை, தூக்க மாத்திரை, புராஸ்டேட் மாத்திரை எடுப்பவர்களுக்கு நள்ளிரவில் கழிப்பறைக்கு எழுவதுதான் ஆபத்தான நேரம். கட்டில் விளிம்பில் ஒரு நிமிடம் உட்கார்ந்து, பாதத்தைப் பத்துப் பதினைந்து முறை மேலும் கீழும் ஆட்டினால் கெண்டைத்தசை இரத்தத்தை மேலே தள்ளும்.

சமநிலையைப் பழக்க முடியுமா? முடியும், தடுமாற வைக்கும் பயிற்சியாக இருந்தால். உட்கார்ந்துகொண்டு காலை ஆட்டுவது இதில் சேராது. மருத்துவச் சான்றுகளைத் தொகுத்து மதிப்பிடும் காக்ரேன் அமைப்பு 2019-ல் வெளியிட்ட ஆய்வு 108 சோதனைகளைச் சேர்த்துப் பார்த்து, உடற்பயிற்சி முதியோரின் வீழ்ச்சிகளை 23 விழுக்காடு குறைப்பதாகக் கண்டது. சமையல் மேடையைப் பிடித்தபடி ஒற்றைக்காலில் 10 நொடி, பிறகு ஒரு விரலால் மட்டும் தொட்டு, பிறகு தொடாமல். ஒரு பாதத்தின் குதிகாலுக்குப் பின்னால் மற்றதன் விரல்நுனியை ஒட்டி வைத்து நிற்பது. கையை ஊன்றாமல் நாற்காலியிலிருந்து பத்து முறை எழுவது. முன்னேற்றத்தை அளக்க ஒரு எளிய வழி: நாற்காலியிலிருந்து எழுந்து, 3 மீட்டர் வழக்கமான வேகத்தில் நடந்து, திரும்பி வந்து உட்கார ஆகும் நேரம். 12 நொடிக்கு மேல் ஆனால் விழும் வாய்ப்பு கூடுதல்.

அந்த ஒரு விரல் தொடுகை சாதாரணமல்ல. 100 கிராம் எடை அளவுக்குக்கூட அழுத்தாமல் விரல்நுனியால் அசையாத ஒன்றைத் தொட்டாலே உடம்பின் ஆட்டம் வெகுவாகக் குறைகிறது. விரல் தாங்கவில்லை, சாய்வைச் சொல்கிறது. கைத்தடியின் பயனில் ஒரு பாதி இதுதான். பாதம் சொல்லாததைக் கை சொல்கிறது. அதனால் தடி சரியான அளவில் இருக்க வேண்டும். வழக்கமான செருப்போடு நின்று கையைத் தொங்கவிட்டால் மணிக்கட்டு மடிப்பு எங்கே வருகிறதோ அதுவே பிடியின் உயரம். வலி காலில் என்றால் தடி எதிர்க் கையில். நுனியிலுள்ள ரப்பர் வழவழப்பாகத் தேய்ந்துவிட்டால் மாற்றிவிட வேண்டும், ஈரமான குளியலறைத் தரையில் அது வழுக்கும். செருப்பிலும் மெத்தென்று தடித்த அடிப்பாகம் பாதத்துக்குச் சுகம், ஆனால் தரையைப் பற்றிய செய்தியை அது விழுங்கிவிடும். மெல்லிய, கெட்டியான அடிப்பாகமும் குதிகாலைப் பிடிக்கும் வாரும் உள்ளதே மேல். விரலால் கவ்வியே நடக்க வேண்டிய தொளதொள ரப்பர் செருப்பை வீட்டிலிருக்கும் பெரியவர்களிடமிருந்து முதலில் வாங்கி வைத்துவிடுங்கள்.